கறவை நேரத்தில் ஐந்தாம் அங்கம்

பிப்ரவரி 4

அண்ணா,

பதினொரு மாதங்களுக்குப் பிறகு எழுதுகிறேன். நலமா என்று கேட்கவில்லை. கேட்டால் நலமே என்று எழுதுவீர்கள், அதை நான் நம்ப வேண்டியிருக்கும். எனக்கு ஒரு புத்தகம் வேண்டும். அதற்காகவே இந்தக் கடிதம்.

நான் இப்போது ஒரு மாட்டுப் பண்ணையில் இருக்கிறேன். நூற்றிருபது மாடுகள், நான்கு கொட்டகைகள், சுற்றிலும் கண்ணுக்கெட்டியவரை தீவனப் புல். பால் சோதிக்கும் அறையில் வேலை. தகரக் கூரை, ஒற்றைச் சன்னல், கண்ணாடிக் குழாய்கள், அமில நெடி. காலையிலும் பிற்பகலிலும் கறந்து வரும் பாலில் கொழுப்பு எவ்வளவு என்று பார்த்துச் சொல்ல வேண்டும். நாடகக் குழுக்களில் கேட்டுப் பார்த்தேன். "உங்க அண்ணனே பத்திரிகையில அப்படிச் சொல்லிட்டாரேம்மா, நாங்க எப்படிச் சேர்த்துக்கிறது?" என்றார்கள். பால் பத்திரிகை படிப்பதில்லை.

இங்கே நம் நாடகத்தை அரங்கேற்றப் போகிறேன். ஆம், அதே பழஞ்செய்யுள் நாடகந்தான். போரில் படை முழுவதையும் இழந்த அரசன் பத்தாண்டுகள் கழித்துத் தனியே திரும்பித் தன் நகர வாயிலில் வந்து நிற்பானே, அது. நடிப்பவர்கள் கறவைக்காரர்கள். ஐந்து அங்கங்களில் நான்கு எனக்கு மனப்பாடம். இருபத்திரண்டு ஆண்டுகள் திரைக்குப் பின்னால் உட்கார்ந்து உங்களுக்கு அடி எடுத்துக் கொடுத்தவளுக்கு அது கூடவா வராது? தெரியாதது நான்காம் அங்கம் ஒன்றுதான். வாயிற்காவலன் தனியே நின்று பேசும் அங்கம். அதில் அரசன் வருவதில்லை; ஆகையால் நீங்கள் அதை ஒருநாளும் மேடையேற்றவில்லை.

பழைய அச்சுப் படி உங்கள் பெட்டியில் இருக்கிறது. வேறெங்கும் தேடிக் கிடைக்கவில்லை. அனுப்பி வையுங்கள்.

தங்கை


பிப்ரவரி 13

தங்கைக்கு,

உறையில் உன் கையெழுத்தைக் கண்டேன். மன்னிப்புக் கேட்டிருப்பாய் என்று பிரித்தேன். புத்தகம் கேட்டிருக்கிறாய்!

எந்த நாடகத்தை எங்கே கொண்டுபோய் இறக்குகிறாய் என்று எண்ணிப் பார்த்தாயா? அரசர்கள் அமர்ந்து கேட்ட செய்யுள் அது. புலவர்கள் ஒரு சொல்லுக்கு ஒரு திங்கள் வாதிட்ட செய்யுள் அது. முப்பது ஆண்டுகள் இந்த நாவிலே நான் தாங்கிய செய்யுள் அது! அந்த அரசனை எங்கே நிறுத்தப் போகிறாய்? சாணத்தின் நடுவிலா? மணிமுடி சூட்டுவாயா, பால் வாளியைக் கவிழ்ப்பாயா?

நடந்ததை நீ மறந்திருக்கலாம், நான் மறக்கவில்லை. ஐந்தாம் அங்கம். காவலன் கேட்கிறான்: "யார் நீ?" அரசன் வாய் திறக்கவில்லை. நாட்டை இழந்தவன், நண்பரை இழந்தவன், தன் பெயரைச் சொல்லும் உரிமையையும் இழந்தவன் நிற்கிறான். அந்த மௌனத்தைக் காணவே மக்கள் வந்தார்கள். எண்ணூறு பேர் மூச்சடக்கி உட்கார்ந்திருந்த அந்த வேளையில், திரைக்குப் பின்னாலிருந்து, கடைசி வரிசைக்கும் கேட்கும் குரலில், "தோற்றவன் வந்திருக்கிறேன்" என்று நீ எடுத்துக் கொடுத்தாய். எண்ணூறு பேரும் சிரித்தார்கள். என்னைப் பார்த்துச் சிரித்தார்கள்!

பத்திரிகைக்காரர் கேட்டார். "என் தங்கை என் மௌனத்தைக் கொன்றாள்" என்றேன். நடந்ததைச் சொன்னேன். அதற்காகச் சொல்லிக்கொள்ளாமல் வீட்டைவிட்டுப் போனவள் நீ.

புத்தகம் கிடையாது.

அண்ணன்

பின்குறிப்பு: அந்தக் கறவைக்காரர்களுக்கு உச்சரிப்பு வருகிறதா?


பிப்ரவரி 24

அண்ணா,

உச்சரிப்பு வருகிறது. மூச்சும் வேண்டிய மட்டும் இருக்கிறது. புல்வெளியின் மறுகோடியில் நிற்கும் மாட்டை இங்கிருந்தே அழைத்துப் பழகிய தொண்டைகள்.

அரசனாக நடிப்பவரை எல்லாரும் ஏணி என்று கூப்பிடுகிறார்கள். அவ்வளவு உயரம். காவலனாக வருபவர் தீவனம் வெட்டும் அக்கா. "காவலன்னா ஆம்பிளைதானேம்மா?" என்று தயங்கினார். "நாலு கொட்டகைக்கும் சாவி யார்கிட்ட இருக்கு?" என்று கேட்டேன். "எங்கிட்டதான்." "அப்ப நீங்கதான் காவலன்." அன்று முதல் சாவிக்கொத்தை இடுப்பில் இன்னும் சத்தமாகக் குலுக்கிக்கொண்டு நடக்கிறார்.

ஒரு பிழை செய்துவிட்டேன். ஒத்திகைக்குத் தனி நேரம் கிடைக்காததால், அவர்கள் கறந்துகொண்டிருக்கும்போதே பக்கத்தில் நின்று வசனம் சொல்லிக் கொடுத்தேன். வலக்கை ஒரு பீச்சு, இடக்கை ஒரு பீச்சு. ஓரடிக்கு நான்கு பீச்சு. செய்யுள் வாளிக்குள் அளந்து ஊற்றியதுபோல் பொருந்திற்று. பத்து நாட்களில் மூன்று அங்கங்கள் மனப்பாடம். எனக்குத் தலைகால் புரியவில்லை. ஒரு ஞாயிற்றுக்கிழமை எல்லாரையும் களத்தில் வரிசையாக நிறுத்திச் சொல்லச் சொன்னேன். ஒருவர் வாயிலும் ஒரு சொல் வரவில்லை. ஏணி தம் கைகள் இரண்டையும் வேறு யாருடையவோ போலப் பார்த்துக்கொண்டு நின்றார்.

"என்னங்க ஆச்சு?"

"கை சும்மா இருந்தா வாயும் சும்மா இருக்குதும்மா."

ஆகவே கொட்டகையே மேடை, பிற்பகல் கறவையே நாடக நேரம் என்று முடிவு செய்துவிட்டேன். கறந்துகொண்டே பேசுவார்கள். பார்க்க வருபவர்கள் தீவனத் தொட்டியின் விளிம்பில் உட்காருவார்கள். மேலாளர் இசைந்துவிட்டார். "பால் ஒரு லிட்டர் கொறைஞ்சாலும் உங்க ராஜாவை நானே நாடு கடத்திடுவேன்" என்று மட்டும் எச்சரித்திருக்கிறார். ஐந்தாம் அங்கத்தில் அரசன் வெறுங்கையோடு எழுந்து நிற்க வேண்டும். அந்த இடத்துக்கு மட்டும் இன்னும் வழி தெரியவில்லை.

இனி உங்கள் கடிதத்துக்கு வருகிறேன். நடந்ததைச் சொன்னேன் என்று எழுதியிருக்கிறீர்கள். நடந்தது அதுவன்று. நீங்கள் மௌனத்தில் நிற்கவில்லை, மறந்துபோய் நின்றீர்கள். அது எனக்குத் தெரியும். எனக்குத் தெரியும் என்பது உங்களுக்கும் தெரியும்.

ஊருக்குச் சொல்லுங்கள் என்று கேட்கவில்லை. எனக்கு மட்டும், உங்கள் கையெழுத்தில், ஒரு வரி போதும். புத்தகம் வராவிட்டாலும் பரவாயில்லை.

தங்கை


மார்ச்சு 9

தங்கைக்கு,

புத்தகம் இத்துடன் வருகிறது. நீ கேட்ட மற்றொன்று இந்த உறையில் இல்லை.

இங்கே எல்லாம் ஒழுங்காக நடக்கிறது. ஓய்வில் இருக்கிறேன். கீழ்த்தளத்து ஒத்திகைக் கூடத்தை வாடகைக்கு விட்டாயிற்று. கைப்பேசி பழுது பார்க்கக் கற்றுக்கொடுக்கும் பள்ளி ஒன்று வந்திருக்கிறது. பகல் முழுவதும் பத்து, இருபது கைப்பேசிகள் ஒருங்கே ஒலித்துப் பார்க்கின்றன. அவற்றுள் ஒன்றுகூட எனக்கு வந்த அழைப்பன்று.

நீ போன பிறகு இரண்டு முறை மேடையேறினேன். எவரோ சொல்லி யார் யாரோ கூடிக் காதுக்குள் ஒரு கருவியைப் பொருத்தினார்கள். அரங்கின் பின்னால் ஓர் இளைஞன் திரையைப் பார்த்து வாசிப்பான், எனக்குக் கேட்கும். தவறே செய்யாத கருவி. கேட்குமுன்பே கொடுத்துவிடும். நான் துயரத்தைத் தொண்டைவரை கொண்டுவருவேன். அதற்குள் அடுத்த அடி காதில் வந்து நின்று, நகரு நகரு என்று நெருக்கும். பேருந்தில் ஏறும் கூட்டம்போல! இரண்டாம் நாள் பாதியில் கழற்றி எறிந்தேன். அத்துடன் ஓய்வு.

நேற்றுக் காலை முகம் கழுவும்போது முதல் அங்கத்தைச் சொல்லத் தொடங்கினேன். ஏழாம் அடியில் நின்றது. குழாய் ஓடிக்கொண்டிருந்தது, நான் நின்றுகொண்டிருந்தேன். எதற்காகக் காத்துக்கொண்டிருக்கிறேன் என்பது சற்றுப் பொறுத்தே உறைத்தது.

நான்காம் அங்கத்தின் தாள்கள் ஒட்டிக்கிடக்கின்றன. ஒருவரும் பிரித்ததில்லை. கிழியாமல் பிரி.

அண்ணன்


மார்ச்சு 20

அண்ணா,

புத்தகம் நலமாக வந்து சேர்ந்தது. சோதனை அறைக் கொதிகலத்தின் ஆவியில் காட்டித் தாள்களைப் பிரித்தேன்; ஒன்றும் கிழியவில்லை. கறவை முடிந்த பிறகு எல்லாரையும் உட்காரவைத்து நான்காம் அங்கத்தைப் படித்துக் காட்டினேன். "பத்தாண்டாய்த் திறந்தது காற்றுக்கு, பத்தாண்டாய் மூடியது காற்றுக்கு" என்று காவலன் சொல்லும் இடம் வந்தது. தீவனக்கார அக்காதான் கேட்டார்: "இதையாம்மா உங்க அண்ணன் வேணாம்னுட்டாரு?"

"அவருக்கு நேரம் பத்தாதுக்கா" என்று சொல்லி வைத்தேன். உங்களுக்காக நான் சொன்ன பொய்களில் அது எத்தனையாவது என்று தெரியவில்லை.

இப்போது புதிய இடையூறு. அக்காவின் மகளுக்குப் பேறுகாலம் நெருங்கிவிட்டது. அவர் மகள் வீட்டுக்குப் புறப்பட்டுவிட்டார். சாவிக்கொத்தை என் கையில் வைத்து, "நீயே நின்னுடு தாயி, உனக்குத்தான் எல்லாம் தெரியுமே" என்று சொல்லிவிட்டுப் போய்விட்டார். வேறு ஆளில்லை. காவலனாக நான் நிற்கிறேன். வாழ்நாளில் முதன்முறையாகத் திரைக்கு முன்னால்.

நான் முன்னால் வந்துவிட்டால் பின்னால் யார்? படிக்கத் தெரிந்தவர்கள் அத்தனை பேரும் கறந்துகொண்டிருப்பார்கள். ஏணியோ வெறுங்கையோடு நிற்கப் போகிறவர். ஆகவே கேட்கிறேன். வருவீர்களா? முடிசூடி நடிக்க அல்ல. மூன்றாம் கொட்டகையில் வைக்கோற்கட்டுகளுக்குப் பின்னால் ஒரு முக்காலி போட்டிருக்கிறேன். அங்கே உட்கார்ந்து எடுத்துக் கொடுக்க. வருகிறவர்களுக்கு உங்கள் தலைகூடத் தெரியாது.

ஏப்ரல் 5, பிற்பகல் மூன்று மணி. தொடர்வண்டியில் கடைசி நிலையத்தில் இறங்கினால் பால் வண்டி நிற்கும். ஓட்டுநரிடம் பால் சோதிக்கும் அம்மாவின் அண்ணன் என்று சொல்லுங்கள், போதும். இங்கே உங்களுக்கு அதுதான் பெயர்.

நான் கேட்ட வரி இன்னும் வரவில்லை. வரும்போது கொண்டுவந்தாலும் சரி.

தங்கை


மார்ச்சு 27

தங்கைக்கு,

வருகிறேன். வரியைக் கேட்காதே.

வைக்கோல் எனக்குத் தும்மலை வரவழைக்கும் என்பதை மறந்துவிட்டாய் போலும்.

அண்ணன்


ஏப்ரல் 8

அன்புத் தங்கைக்கு,

சொல்லிக்கொள்ளாமல் வந்துவிட்டேன். நீ கைகழுவப் போன நேரத்தில் பால் வண்டி புறப்பட்டது, ஏறிவிட்டேன். கோழைத்தனந்தான். ஆயிரம் மேடைகளில் வீரம் முழங்கிய வாய் அது. கால்கள் வேறு என்று அன்று தெரிந்துகொண்டேன்.

நான் வந்தபோது நீ சாவிக்கொத்தோடு நின்றுகொண்டிருந்தாய். என்னைப் பார்த்துத் தலையசைத்தாய், முக்காலியைக் காட்டினாய். வைக்கோற்கட்டுகளுக்கு நடுவே நான்கு விரல் அகல இடைவெளி. அதன் வழியே தெரிந்ததெல்லாம் மாடுகளின் கால்கள், வாளிகள், குந்தியிருந்தவர்களின் முதுகுகள். இருபத்திரண்டு ஆண்டுகள் நீ பார்த்த உலகம் இவ்வளவுதானா என்று நினைத்தேன். என் முதுகைத்தானே பார்த்திருப்பாய்!

மூன்று அங்கங்கள் வாளிகளின் ஓசையோடு ஓடின. அரசியாக வந்த பெண் சாபமிடும்போது பாலின் வேகம் கூடிற்று. என் நாடகக் கொட்டகைகளில் கேளாத தாளம் அது. நான்காம் அங்கத்தில் நீ பேசினாய். அதைப் பற்றி எழுதமாட்டேன். எழுதினால் முப்பது ஆண்டுகள் அதை வெட்டி எறிந்தவன் யார் என்றும் எழுத வேண்டியிருக்கும்.

ஐந்தாம் அங்கம் வந்தது. ஏணி எழுந்து நின்றார். வெறுங்கை. நீ கேட்டாய்: "யார் நீ?" அவர் பேசவில்லை. கொட்டகையின் மூலையில் ஒரு மாடு குரலெடுத்துக் கத்தியது. அவர் நின்றார். நான் புத்தகத்தில் விரலை வைத்துக்கொண்டு அந்த முதுகையே பார்த்தேன். மறந்துவிட்டாரா? மௌனமா? அவர் தொழிலோ பால் கறப்பது; என் தொழிலோ நடிப்பு. மௌனத்தின் தலைவன் நான் என்று மார்தட்டியவன் நான். எனக்குத் தெரியவில்லை, தங்கச்சி! கொடுத்தால் கெடுமோ, கொடுக்காவிட்டால் கெடுமோ என்று அந்த அடியையே திரும்பத் திரும்பப் படித்தேன். பொறுக்க முடியாமல் கொடுத்துவிட்டேன். தொட்டி விளிம்பில் இருந்த அத்தனை பேருக்கும் கேட்டது. சிரித்தார்கள்.

அவர் கலங்கவில்லை. சிரிப்பு அடங்கும்வரை நின்று, பிறகு தம் குரலில் அந்த அடியைச் சொன்னார். முடிந்ததும் வைக்கோலுக்குப் பின்னால் வந்தார். "பரவாயில்லங்கய்யா. மாடு பேசறப்ப நாங்க பேசமாட்டோம். பேசினா மிரண்டு பாலை அடக்கிக்கும். அது முடிக்கட்டும்னு நின்னேன். வசனம் நெனப்புலதான் இருந்துச்சு" என்றார். ஒரு குவளை பாலைக் கையில் கொடுத்துவிட்டுப் போனார். இதையே நீ செய்ததற்குப் பத்திரிகையில் உன்னைத் தூற்றினேனே; அந்த மனிதர் எனக்குக் குடிக்கப் பால் கொடுத்தார்.

நீ கேட்ட வரி இது:

அன்று ஐந்தாம் அங்கத்தில் நான் மௌனத்தில் நிற்கவில்லை. மறந்துவிட்டேன். என் தங்கை எடுத்துக் கொடுத்தாள். அவள் செய்தது சரி.

இதையே அந்தப் பத்திரிகைக்கும் எழுதி அனுப்பிவிட்டேன். போடுவார்களோ, மாட்டார்களோ.

இரண்டு கேள்விகள் எனக்கு உறக்கம் கொடுக்கவில்லை. அந்த மறதியை நீ எப்படிக் கண்டுகொண்டாய்? வேறு ஒருவருக்கும் தெரியவில்லையே. எதிரே நின்ற காவலனுக்குக்கூடத் தெரியவில்லையே. மற்றொன்று, இருபத்திரண்டு ஆண்டுகளில் ஒருமுறைகூட முதல் வரிசைக்குக் கேட்காத உன் குரல், அன்று ஏன் அத்தனை உரத்து வந்தது?

அண்ணன்


ஏப்ரல் 19

அண்ணா,

உங்கள் கடிதத்தைச் சோதனை அறையில் படித்தேன். அன்று காலைப் பாலை இரண்டு முறை சோதிக்க வேண்டியதாயிற்று. முதல்முறை எழுதிய எண்ணை என்னாலேயே படிக்க முடியவில்லை.

பத்திரிகை போட்டுவிட்டது. சிறிய எழுத்தில், ஒரு மூலையில். அதைப் பார்த்து ஒரு குழுவினர் எழுதியிருக்கிறார்கள்: "வாங்கம்மா, பழசை மறந்துடலாம்." போகமாட்டேன் என்று மறுமொழி எழுதிவிட்டேன். கோபமில்லை. இங்கே மறுபடியும் நாடகம் போடச் சொல்லிக் கேட்கிறார்கள். தீவனக்கார அக்கா பேத்தியோடு திரும்பி வருகிறார். சாவிக்கொத்தை அவரிடம் ஒப்படைத்துவிட்டு நான் முக்காலிக்குப் போய்விடுவேன். என் இடம் எனக்குப் பிடித்த இடந்தான். இடத்தைப் பற்றி நான் ஒருநாளும் குறைப்பட்டதில்லை. தனியாக இருந்தேன் என்பது உண்மை, இப்போதும் இருக்கிறேன். மாலையில் குழாய்களைக் கழுவிக் கவிழ்த்துவிட்டால் பேச்சுத் துணைக்கு ஆளில்லை. உங்களுக்கும் அப்படித்தான் என்று இப்போது தெரிகிறது. ஆனால் திரும்பி வரமாட்டேன். எழுதுங்கள், நானும் எழுதுகிறேன்.

உங்கள் இரண்டு கேள்விகளுக்கும் ஒரே விடைதான்.

மேடையில் இருக்கும்போது நீங்கள் திரைப்பக்கம் திரும்பியதே இல்லை. நான் கொடுப்பதை எங்கிருந்தோ வருவதுபோல் வாங்கிக்கொண்டு, மக்களைப் பார்த்தே நிற்பீர்கள். உங்கள் காதுமடல்தான் எனக்குப் பழக்கம். அன்று காவலன் "யார் நீ?" என்று கேட்டதும் நீங்கள் தலையைத் திருப்பி, திரையின் இடுக்கு வழியாக என்னைப் பார்த்தீர்கள். இருபத்திரண்டு ஆண்டுகளில் அந்த ஒருமுறைதான்.

எனக்கு ஒன்றும் ஓடவில்லை அண்ணா. குரல் என்னையறியாமல் உயர்ந்துவிட்டது.

தங்கை